முப்பத்தேழாம் எண் வீட்டுக்காரி

கெர்ட்ரூட் அக்காவுக்கு மாதாமாதம் வரும் விபத்து இழப்பீடு, யாரோ ஒரு பெரிய மனிதரின் சிபாரிசுக் கடிதத்தால் கிடைத்தது என்று ஈப்போவின் சிலிபினில் இன்னும் சிலர் சொல்லிக்கொண்டு திரிகிறார்கள். போன மாதம் ஒரு கல்யாண விருந்தில் ஒருத்தி என் காதுபடவே சொன்னாள். பாதிச் சாப்பாட்டில் எழுந்து போய் அவளை நாலு வார்த்தை கேட்டுவிட்டு வந்துதான் பாயசத்தைக் குடித்தேன். மனசில் ஒன்றை வைத்துக்கொண்டு வெளியே சிரிக்க எனக்குத் தெரியாது. சிபாரிசும் கிடையாது, ஒரு மண்ணும் கிடையாது. நடந்தது அத்தனையும் பக்கத்து வீட்டில் இருந்து பார்த்தவள் நான். கூட நிற்க வேண்டிய நேரத்தில் ஒளிந்துகொண்டவளும் நான்தான். அதையும் மறைக்காமல் எழுதிவிடுகிறேன்.

அக்காவுக்கு இப்போது, இந்த 1988இல், ஐம்பத்திரண்டு வயது. இடது கால் முட்டிக்குக் கீழே வளைந்தே இருக்கும். கைத்தடி இல்லாமல் பத்தடி நடக்க முடியாது. அந்தக் காலோடு இன்றைக்கும் ஜெலாப்பாங் பலகை ஆலைக்குப் போகிறாள். வெடிப்பும் ஓட்டையும் பார்த்துப் பலகைகளைத் தரம் பிரிக்கிற மேசையில் உட்கார்ந்து வேலை. அவள் ஒரு பலகையைத் தள்ளிவிட்டால் மேற்பார்வையாளர்கூட அதைத் திருப்பி வைக்கமாட்டார். புதிதாக வேலைக்குச் சேரும் பெண்களிடம் அவள் பெயரைக்கூட அப்புறம்தான் கேட்பாள். "ஐசிய காட்டு. அதுல போட்டிருக்குற வீட்டுலதான் இருக்கியா?" என்று அடையாள அட்டையைக் கேட்பதுதான் முதல் கேள்வி. சில பிள்ளைகள் முகத்தைச் சுளிக்கும். சுளிக்கட்டும்.

நாங்கள் இருவரும் கோலா கங்சாருக்குப் பக்கத்தில், பேராக் ஆற்றை ஒட்டியிருந்த ரப்பர் தோட்டத்தில் பிறந்தவர்கள். ஆத்தங்கரைத் தோட்டம் என்று எங்கள் ஆட்கள் சொல்வார்கள். அக்கா வீட்டார் மாதா கோயில் பக்கத்து லயம், நாங்கள் மாரியம்மன் கோயில் பக்கத்து லயம். அக்கா பதினாலு வயதில் பால் வெட்ட இறங்கியவள். என்னைவிடப் பதினோரு வயது மூத்தவள் என்றாலும் என்னை ஒருநாளும் சின்னப் பிள்ளையாக நடத்தியதில்லை. 1968இல் கம்பெனி தோட்டத்தைத் துண்டு துண்டாக்கி ஆளுக்கொரு பக்கம் விற்றது. லயத்து வரிசை வீடுகளைக் காலி செய்ய மூன்று மாதம் கெடு. லாரி பிடித்து, சட்டிபானையை ஏற்றிக்கொண்டு, பதினான்கு குடும்பங்கள் ஈப்போவுக்கு வந்தோம். சிலிபினில் ஒரு சீனருடைய நிலத்தில் வரிசையாகப் பலகை வீடுகள். கவுன்சில்காரர்கள் கதவில் தகரத்தில் எண் அடித்துவிட்டுப் போனார்கள். அக்கா வீடு முப்பத்தேழு, என் வீடு முப்பத்தெட்டு. வாடகைக்கு ரசீது கிடையாது. விளக்கு பில் வீட்டுக்காரச் சீனர் பேரில்.

தோட்டத்தை விட்டுக் கிளம்பிய அன்று ஆபீஸில் கணக்கு எழுதும் கிராணி எங்களைக் கூப்பிட்டு ஒரு புத்தி சொன்னார். "எங்க வேணா போங்க. ஐசில உள்ள விலாசத்த மட்டும் மாத்திடாதீங்க. இந்த நாட்டுல பொறந்து வளந்தோம்னு காட்ட உங்ககிட்ட இருக்குறது அது ஒண்ணுதான்." அடுத்த இரண்டு வருடத்தில், குடியுரிமை இல்லாமல் சிவப்பு ஐசி வைத்திருந்தவர்கள் வேலை செய்யவே தனியாக அனுமதி எடுக்க வேண்டும் என்றாகிவிட்டது. அக்கா வீட்டுக்காரர் பெர்னார்ட் அண்ணனுக்குச் சிவப்பு. என் வீட்டுக்காரர் சீனிக்கும் சிவப்பு. கிராணி சொன்னதை வேதவாக்காக எடுத்துக்கொண்டோம். குடியுரிமை உள்ள நீல ஐசிக்காரர்கள்கூட மாற்றவில்லை. கடிதமெல்லாம் தோட்டத்து முச்சந்தி மளிகைக்கடைக்கே போகும். கடைக்காரத் தவுக்கே ஒரு பிஸ்கட் டின்னில் போட்டு வைப்பார். அந்தப் பக்கம் போகிறவர் எல்லாருக்கும் சேர்த்து வாங்கி வருவார். ஆக, காகிதத்தில் நாங்கள் அத்தனை பேரும் எப்போதோ இடித்துத் தள்ளிய லயத்தில்தான் குடியிருந்தோம். இப்போது நினைத்தால் சிரிப்பு வருகிறது. அப்போது அதுதான் புத்திசாலித்தனம் என்று நினைத்தோம்.

1977 ஆகஸ்ட், ஒரு செவ்வாய்க்கிழமை, காலை ஆறரை மணி. ஏழு மணிக்குள் நாங்கள் இருவரும் ஆலையில் கார்டு அடிக்க வேண்டும். அக்கா சைக்கிளில் முன்னால் போகிறாள், நான் இருபது அடி பின்னால் போகிறேன். என்னைத் தாண்டிப் போன மணல் லாரி, எதிரே வந்த பஸ்ஸுக்கு வழிவிட இடது பக்கம் ஒதுங்கியது. ஒதுங்கிய இடத்தில் அக்கா இருந்தாள். சைக்கிளோடு சேர்த்து அவள் காலையும் இழுத்துக்கொண்டு போனது. அதற்கு மேல் எழுத எனக்குத் தெம்பு இல்லை. நான் ஓடிப்போய்ப் பக்கத்தில் உட்கார்ந்தபோது அவள் அழவில்லை. "சோத்து டப்பாவ எடு பாப்பா, எறும்பு மொய்ச்சிடும்" என்றாள். அப்புறம் மயங்கிவிட்டாள்.

மூன்றாம் நாள் ஆஸ்பத்திரிக்கு ஆலைக் குமாஸ்தா ஒரு பாரத்தோடு வந்தான். வேலைக்கு வருகிற வழியில் அடிபட்டாலும் வேலையில் அடிபட்ட கணக்குதான். அதற்காகத்தான் சம்பளத்தில் மாதாமாதம் கொஞ்சம் பிடித்துக்கொள்கிறார்கள். குமாஸ்தா கட்டிலுக்குப் பக்கத்தில் நின்று, "வீடு எங்க?" என்று கேட்டான். அக்கா பாதி மயக்கத்தில் வாயைத் திறந்தாள். பெர்னார்ட் அண்ணன் குனிந்து, "ஐசில உள்ளபடியே சொல்லு" என்று காதில் சொன்னார். அவளும், "ஆத்தங்கரைத் தோட்டம், கோலா கங்சார்" என்றாள். அவன் அப்படியே எழுதிக் கையெழுத்து வாங்கிக்கொண்டான்.

அப்புறம் என்னிடம் திரும்பினான். "நீங்க பாத்தீங்களா?"

"பின்னால வந்தேன். சரியா கவனிக்கல."

"நீங்க எங்க இருக்கீங்க?"

"நானும் தோட்டந்தான்."

இரண்டுமே பொய். லாரியின் சக்கரம் எங்கே ஏறியது என்பதுகூட எனக்குத் தெரியும். ஆனால் சாட்சி என்று பேர் கொடுத்தால் வீட்டைத் தேடி வருவார்கள், வீட்டைத் தேடி வந்தால் சீனியின் சிவப்பு ஐசியைப் பார்ப்பார்கள், வேலை அனுமதி போய்விடும் என்று பயந்தேன். கோபக்காரி என்று ஊரெல்லாம் பேர் வாங்கிய எனக்கு அன்றைக்கு நாக்கு ஒட்டிக்கொண்டது.

நாலு மாதம் ஆஸ்பத்திரி, மூன்று ஆபரேஷன். கால் கூடியது, ஆனால் வளைந்து கூடியது. ஆலை சில மாதம் பாதிச் சம்பளம் கொடுத்துவிட்டு நிறுத்திக்கொண்டது. பெர்னார்ட் அண்ணன் சாலை வெட்டுகிற கூலி. அந்தச் சம்பளம் வாடகைக்கும் அரிசிக்கும் சரியாக இருந்தது. அவர்களுக்கு இரண்டு பெண் பிள்ளைகள். மூத்தவள் ரோசரி அப்போது மூன்றாம் படிவம், வகுப்பில் முதல் மாணவி. இழப்பீடு வந்தால் ரோசரி படிப்பாள். வராவிட்டால் அம்மா நின்ற இடத்தில் ஆலையில் நின்று பலகை தூக்குவாள். ஆலையில் அவளுக்கு இடம்கூடப் பேசி வைத்தாகிவிட்டது. விஷயம் அவ்வளவுதான்.

1978 ஜூனில் இழப்பீட்டு ஆபீசிலிருந்து கடிதம் வந்தது. வந்தது என்றா சொல்வது? ஐந்து வாரம் பிஸ்கட் டின்னில் கிடந்துவிட்டு யாரோ கையோடு வந்து சேர்ந்தது. சிலிபின் மாதா கோயிலில் ஜெபம் சொல்லி வைக்கும் பெரியநாயகம் அண்ணன்தான் எங்களுக்கு மலாய் படித்துச் சொல்கிறவர். அக்கா வீட்டு வாசலில் வைத்து அவர் படித்தார். தொழிலாளியின் வீடு கோலா கங்சார் பக்கம், ஆலைக்கு வடக்கே முப்பது மைல். விபத்து நடந்ததோ ஆலைக்குத் தெற்கே, சிலிபின் சாலையில். தன் வீட்டிலிருந்து வேலைக்கு வருகிறவருக்கு அந்தச் சாலையில் வேலையே இல்லை. ஆகவே அவர் சொந்தக் காரியமாகப் போனபோது அடிபட்டிருக்கிறார். மனு நிராகரிக்கப்படுகிறது. மேல்முறையீடு செய்ய இன்னும் ஒன்பது நாள்.

அக்கா வாசலில் போட்ட கட்டிலில் காலை நீட்டி உட்கார்ந்திருந்தாள். "சொந்தக் காரியமா? காலையில ஆறரை மணிக்கு சோத்து டப்பாவ தூக்கிக்கிட்டு எனக்கு என்னா லா சொந்தக் காரியம்?" என்றாள். கடிதத்தை வாங்கித் திருப்பித் திருப்பிப் பார்த்தாள். "பணம் இல்லேன்னு சொல்லியிருந்தா கூட பரவாயில்ல. நான் எங்கேயோ ஊர் சுத்தப் போனேன்னு எழுதி வச்சிருக்கான்" என்றாள். அவளுக்கு வலித்தது அதுதான். எனக்கு அந்த ஆபீஸ்காரனை நாலு அறை அறைய வேண்டும் போலிருந்தது. ஆனால் அவன் என்ன செய்வான், நாங்கள் சொன்னதைத்தானே எழுதினான்.

மறுநாள் நான்தான் அவளைக் கைத்தாங்கலாக டவுனுக்குக் கூட்டிப்போனேன். கோர்ட்டுக்கு எதிரே குடைக்குக் கீழே டைப்ரைட்டர் வைத்துக்கொண்டு மனு எழுதுகிற கிழவர் ஒருவர் இருந்தார். கதையை முழுக்கக் கேட்டார். தலையைச் சொறிந்தார்.

"விபத்துக்கு ஒரு வாரம் முந்திதான் சிலிபினுக்கு வந்தேன்னு போட்டுருவோம் ம்மா. விலாசம் மாத்த நேரம் இல்லேன்னு சொல்லிக்கலாம். எந்த வம்பும் வராது."

"ஒம்போது வருசம்னு போடுங்க" என்றாள் அக்கா.

"ஒம்போது வருசமா மாத்தலேன்னா அது குத்தம்மா. அபராதம் போடுவான். ஊட்டுக்காரர் சிவப்புன்னு வேற சொல்றீங்க."

"குத்தந்தான். ஒரு பொய் சொல்லித்தான் ஐயா இங்க வந்து உக்காந்திருக்கேன். இன்னொன்ன வச்சு எந்திரிக்க முடியாது. போடுங்க."

அவர் போட்டார். டைப்ரைட்டர் சத்தத்துக்கு நடுவே நான் மனசுக்குள் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தேன். ஒன்பது வருடம் என்றால் அதற்குச் சாட்சி கேட்பார்கள். சாட்சி என்றால் முப்பத்தெட்டாம் எண் வீட்டுக்காரி. பஸ்ஸில் திரும்பி வரும்போது அக்கா கேட்பாள், கேட்பாள் என்று காத்திருந்தேன். அவள் பாசார் மீன் விலையைப் பற்றிப் பேசிக்கொண்டு வந்தாள்.

அன்று சாயங்காலம் பலகைச் சுவர் வழியாக அவர்கள் சண்டை முழுக்க எங்களுக்குக் கேட்டது. பெர்னார்ட் அண்ணன் அதிர்ந்து பேசாதவர். அன்றைக்கு அவர் குரல் உடைந்தது. "பத்து வருசமா என் பிரஜா உரிமை மனு கெடக்கு கெர்ட்டி. இப்ப போயி விலாசம் பொய்னு நாமளே சொன்னா தூக்கி எறிஞ்சிருவான்."

"உங்களுக்கு நீல ஐசி கெடைக்கணும்னு நான் தெனமும் ஜெபிக்கிறேன். அதுக்காக ரோசரி பலகை தூக்க மாட்டா."

"என்னைத் தொரத்திட்டா?"

"தொரத்துனா நானும் வாரேன். ஒத்தக் காலோட வாரேன். போதுமா?"

சீனி என்னைப் பார்த்தார். நான் அடுப்பைப் பார்த்தேன்.

இரண்டு நாள் கழித்து, அக்கா ஊன்றுகோலோடு எங்கள் வீட்டு வாசலுக்கு வந்து நின்றாள். உள்ளே வரச் சொன்னேன், வரவில்லை. "பாப்பா, மேல்முறையீட்டுப் பாரத்துல சாட்சி பேரு கேட்டிருக்காங்க. உன் பேரை நான் குடுக்கல. உன் கஷ்டம் எனக்குத் தெரியும். அதச் சொல்லிட்டுப் போலாம்னுதான் வந்தேன்" என்றாள். அவ்வளவுதான். திட்டியிருந்தால் நானும் திருப்பித் திட்டியிருப்பேன். என்னைத் திட்டத் தகுதியுள்ள ஒரே ஆள் அவள்தான், அவள் திட்டாமல் போய்விட்டாள். அவமானம் என்றால் என்ன என்று அன்றைக்குத்தான் எனக்குத் தெரிந்தது.

திங்கட்கிழமை அவள் யாரையும் கூப்பிடாமல் பஸ் ஏறி, ஐசி பதிவு ஆபீசுக்குத் தனியாகப் போனாள். அங்கிருந்தவர் கால் மணி நேரம் திட்டினாராம். இவள் நின்றபடி கேட்டுக்கொண்டாளாம். திட்டி முடித்ததும்தான் அவர் ஊன்றுகோலைப் பார்த்தார் போலிருக்கிறது, எழுந்து தன் நாற்காலியைக் கொண்டுவந்து போட்டார். அபராதம் கட்டினாள். முப்பத்தேழாம் எண், சிலிபின் என்று எழுதிய தற்காலிகச் சீட்டோடு திரும்பி வந்தாள். "அவ்வளவுதானா?" என்று பெர்னார்ட் அண்ணன் கேட்டது எனக்குக் கேட்டது. "அவ்வளவுதான்" என்றாள். ஒன்பது வருடமாக நாங்கள் அத்தனை பேரும் பயந்து செத்தது, ஒரு கால் மணி நேரத் திட்டுக்கும் ஒரு சின்ன அபராதத்துக்கும்.

மறுநாள் காலையில் சீனியிடம் சொன்னேன். "நானும் போறேன். ஐசிய மாத்திட்டு சாட்சி சொல்லப் போறேன்."

"என் பெர்மிட்டு?"

"போனா போவுது. நான் ரெண்டு ஷிப்டு நிக்கிறேன். பக்கத்து வீட்டுக்காரி மூஞ்சியப் பாக்க முடியாம என்னால இருக்க முடியாதுங்க."

அவர் சட்டையை மாட்டிக்கொண்டு வேலைக்குக் கிளம்பினார். நான் பஸ் ஏறிப் போய் வரிசையில் நின்றேன். அரை மணி கழித்துத் திரும்பிப் பார்த்தால், நாலு ஆள் பின்னால் சீனி நிற்கிறார். வேலைக்கு மட்டம் போட்டுவிட்டு மோட்டார் சைக்கிளில் வந்திருக்கிறார். எங்கள் இருபது வருடக் கல்யாண வாழ்க்கையில் அந்த மனிதர் எனக்கு வாங்கிக் கொடுத்த எதுவும் அதற்கு ஈடாகாது. அடுத்த வருடம் அவர் பெர்மிட்டும் எப்போதும்போலத்தான் புதுப்பித்து வந்தது. அந்த மாதம் முடிவதற்குள் எங்கள் வரிசையில் பதினோரு வீட்டுக்காரர்கள் விலாசத்தை மாற்றிவிட்டார்கள்.

ஆனால் அதிலும் ஒரு சிக்கல். எங்கள் புது ஐசி அத்தனையும் விபத்துக்கு ஒரு வருடம் பிந்தி எடுத்தது. விபத்து நடந்த அன்று அக்கா அங்கே குடியிருந்தாள் என்பதற்கு ஒரு துண்டுக் காகிதம் கிடையாது. பிள்ளைகளைப் பள்ளியில் சேர்த்ததுகூடத் தோட்டத்து விலாசத்தில்தான். அப்போதுதான் பெரியநாயகம் அண்ணன் தயங்கித் தயங்கிச் சொன்னார். "எங்கிட்ட ஒரு நோட்டு இருக்கு. அத காட்டலாமான்னு தெரியல."

அக்டோபர் மாதம் முழுக்க மாதா சுரூபம் சிலிபினில் வீடு வீடாகப் போகும். ஒரு நாளைக்கு ஒரு வீடு. அந்த வீட்டில் ஜெபமாலை சொல்லிக் கடலையோ பலகாரமோ கொடுப்பார்கள். நாங்களும் போய் உட்காருவோம், மாதாவுக்கு யார் வீட்டுப் பிள்ளை என்று கணக்கா என்ன? எந்தத் தேதி எந்த வீடு என்று பெரியநாயகம் அண்ணன் 1969இலிருந்து ஒரே நோட்டில் எழுதி வைத்திருந்தார். அவர் சும்மா எழுதுகிற ஆள் இல்லை. வீட்டு எண், வந்தவர் எத்தனை பேர், கொடுத்த பலகாரம், அதன் ருசி வரைக்கும் எழுதுவார். அந்த ருசிக் குறிப்பால்தான் அவருக்குத் தயக்கம்.

1979 பிப்ரவரியில் விசாரணை. மூன்று பேர் உட்கார்ந்திருந்தார்கள். நடுவில் இருந்த தலைவர் வயதான மலாய்க்காரர், கண்ணாடியைக் கழற்றுவதும் மாட்டுவதுமாக இருந்தார். எதிர்த் தரப்பாக வந்த இழப்பீட்டு ஆபீஸ் அதிகாரி ஒரு வரைபடத்தை விரித்து, அளவுகோலை வைத்துக் கோலா கங்சாரிலிருந்து ஜெலாப்பாங்குக்குக் கோடு போட்டுக் காட்டினார். கோடு சிலிபினைத் தொடவில்லை. மொழிபெயர்க்க ஒரு தமிழ் இளைஞர் இருந்தார்.

என்னைத்தான் முதலில் கூப்பிட்டார்கள். பார்த்ததை எல்லாம் சொன்னேன். "அன்று கவனிக்கவில்லை என்று சொன்னீர்களே, ஏன்?" என்று அதிகாரி கேட்டார்.

"பயம்."

"இப்போது பயம் போய்விட்டதா?"

"இப்பவும் இருக்கு. ஆனா இந்த அக்கா சொந்தக் காரியமா போனாங்கன்னு எழுதி வச்சிருக்கீங்க. அந்தக் கோவம் பயத்தவிட பெரிசா இருக்கு."

மொழிபெயர்த்தவர் கொஞ்சம் மழுப்பித்தான் சொல்லியிருப்பார். தலைவர் தலையை ஆட்டினார்.

அப்புறம் நோட்டு. மெழுகுவர்த்தி ஒழுகிப் பக்கங்கள் ஒட்டிக்கொண்டிருந்தன. அந்த இளைஞர் ஒவ்வொன்றாகப் பிரித்துப் படித்தார். "அக்டோபர் 9, 1969. எண் 37, கெர்ட்ரூட் பெர்னார்ட் வீடு. வந்தவர் பதினெட்டு. கூரை ஒழுகுகிறது. அவல்." "அக்டோபர் 14, 1973. எண் 37. சின்னப் பிள்ளைக்கு அம்மை, வாசலிலேயே ஜெபம்." "அக்டோபர் 12, 1975. எண் 37. வந்தவர் இருபத்தாறு. கொண்டைக்கடலை. உப்பு அதிகம்." அக்கா ஊன்றுகோலைப் பிடித்தபடி பெரியநாயகம் அண்ணனைத் திரும்பிப் பார்த்த பார்வை இருக்கிறதே, அவர் மேல்துண்டால் முகத்தைத் துடைத்துக்கொண்டார். "அக்டோபர் 11, 1976. எண் 37. கொண்டைக்கடலை. இந்த வருடம் உப்பு சரி."

அதிகாரி எழுந்து, இந்த நோட்டு வழக்குக்காக எழுதியதாக இருக்கலாம் என்றார். தலைவர் அதை வாங்கி மெழுகை நகத்தால் சுரண்டிப் பார்த்தார். "இழப்பீட்டுக்காகக் கணக்கு எழுதுகிறவன் உப்பு அதிகம் என்று எழுதமாட்டான்" என்றார். அறையில் எல்லோரும் சிரித்தார்கள். அதிகாரியும் சிரித்துவிட்டார். அக்கா மட்டும் சிரிக்கவில்லை.

கடைசியில் அவளைக் கூப்பிட்டார்கள். நாற்காலி போட்டார்கள், அவள் உட்காரவில்லை. தலைவர் ஒரே ஒரு கேள்வி கேட்டார். "ஒன்பது வருடம் இருந்த வீட்டை ஏன் ஒருவரிடமும் சொல்லவில்லை?"

மலாயில் ஆரம்பித்தாள். பிறகு தமிழுக்கு வந்துவிட்டாள்; ஐயா என்பதற்குச் சொல்லும் 'துவான்' மட்டும் மலாயிலேயே நின்றது. "தொரை தோட்டத்த வித்தாரு. மூணு மாசத்துல போவச் சொன்னாரு. எங்க போறீங்கன்னு அவரு கேக்கல. வாங்குனவங்களும் கேக்கல. ஆலையில ஏழு வருசம் நின்னேன், அங்கயும் ஐசியதான் பாத்தாங்க, என்னைக் கேக்கல. காலு போன பெறகுதான் மொத தடவையா நீ எங்க இருக்கேன்னு ஒருத்தர் கேட்டாரு. அன்னிக்கு பயந்துபோயி தப்பா சொல்லிட்டேன் துவான். அது என் தப்புதான், வேற யாரு தப்பும் இல்ல. இன்னிக்கு கேளுங்க, சரியா சொல்றேன்."

அந்த இளைஞர் இந்தத் தடவை ஒரு வார்த்தை விடாமல் மொழிபெயர்த்தார். தலைவர் கண்ணாடியைக் கழற்றினார். "எங்கே வசிக்கிறீர்கள்?" என்று கேட்டார்.

"முப்பத்தேழாம் நம்பர், சிலிபின்" என்றாள். அந்த அறையில் அவள் அளவுக்கு நிமிர்ந்து நின்றவர் யாரும் இல்லை. என் பக்கத்தில் பெர்னார்ட் அண்ணன் பூசைக்குப் போடும் வெள்ளைச் சட்டையில் உட்கார்ந்து, பிள்ளைபோல அழுதுகொண்டிருந்தார்.

மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு முடிவு சொல்வதாக எங்களை வெளியே அனுப்பினார்கள். முடிவு என்ன என்று நான் முதலிலேயே உங்களிடம் உளறிவிட்டேன், அதனால் இடையில் மற்றதையும் சொல்லிவிடுகிறேன். பெர்னார்ட் அண்ணனுக்கு 1984இல் நீல ஐசி கிடைத்தது. அபராதத்தைப் பற்றிக் குடியுரிமை ஆபீசில் ஒருவரும் மூச்சு விடவில்லை. ரோசரி இப்போது ஆசிரியை, தைப்பிங் பக்கத்தில் வேலை. அவளுக்கென்று பேசி வைத்திருந்த இடத்தில் ஆலைக்காரர்கள் ஒரு மேசையையும் நாற்காலியையும் போட்டார்கள். அதில்தான் அக்கா உட்கார்ந்திருக்கிறாள்.

இரண்டரை மணிக்கு மறுபடி உள்ளே போனோம். தலைவர் மலாயில் படிக்கப் படிக்க அந்த இளைஞர் தமிழில் சொல்லிக்கொண்டே வந்தார். "ஈப்போ, சிலிபின், முப்பத்தேழாம் எண் வீட்டில் வசிக்கும் திருமதி கெர்ட்ரூட், தன் வீட்டிலிருந்து வேலைக்கு வரும் வழியில் விபத்துக்குள்ளானார்." அதற்குப் பிறகு நிறைய இருந்தது. எந்தத் தேதியிலிருந்து, எவ்வளவு, ஆயுள் முழுக்க என்றெல்லாம் வந்தது. பெர்னார்ட் அண்ணன் விரல் விட்டு எண்ணிக்கொண்டிருந்தார். படித்து முடித்துத் தலைவர் காகிதத்தை மடிக்கப் போனபோது அக்கா கையைத் தூக்கினாள்.

"என்ன, புரியவில்லையா? தொகையை மறுபடி சொல்லவா?" என்று அவர் கேட்டார்.

"தொகை வேணாம் துவான்" என்றாள் அக்கா. "அந்த மொத வரிய இன்னொரு தரம் படிங்க."

அவர் கண்ணாடியை மாட்டிக்கொண்டு முதல் வரியை மறுபடி படித்தார்.